மணிச்சித்திரத்தாழ்: பூட்டிய அறையும் பத்மநாபபுரம் அரண்மனையும்

மணிச்சித்திரத்தாழ் (1993) மலையாளத் திரைப்படம். ஃபாசில் இயக்கியது. மது முட்டம் கதை, திரைக்கதை எழுதினார். ஸ்வர்க்கசித்ரா அப்பச்சன் தயாரிப்பில் 1993 டிசம்பர் 25 அன்று வெளிவந்தது. மோகன்லால், ஷோபனா, சுரேஷ் கோபி ஆகியோர் முதன்மை வேடங்களில் நடித்தனர். பழைய மாளிகை ஒன்றில் பூட்டிக் கிடக்கும் அறையையும் அதைத் திறக்கும் தனிமை மிகுந்த ஒரு பெண்ணையும் பற்றிய கதை இது. படத்தின் சில பகுதிகள் கன்னியாகுமரி மாவட்டம் பத்மநாபபுரம் அரண்மனையில் எடுக்கப்பட்டன. திருப்பூணித்துறை ஹில் பேலஸ் மற்றொரு முக்கியமான படப்பிடிப்பு இடம்.

பேய்ப்படம் என்று பேசப்பட்டாலும் இப்படத்தில் பேய் வருவதில்லை. கொலுசுச் சத்தம் கேட்கும், பொருட்கள் உடையும், புடவை தீப்பற்றும். இவை அனைத்துக்கும் பின்னால் உயிருள்ள ஒரு மனிதரே இருக்கிறார் என்பது பின்னர் தெரியவரும். ஆனால் காரணம் தெரிந்த பின்பு பார்வையாளரின் அச்சம் குறைவதற்குப் பதிலாகக் கூடுகிறது. இந்தியத் திரைப்படங்களில் இது அபூர்வமானது.

பெயர்

'மணிச்சித்திரத்தாழ்' என்பது வேலைப்பாடு மிகுந்த பழைய பூட்டு. கேரளத்திலும் தென்திருவிதாங்கூரிலும் பெரிய வீடுகளின் கதவுகளில் இவ்வகைப் பூட்டுகள் இருந்தன. 'தாழ்' தமிழில் இன்றும் புழங்கும் சொல்தான், தாழ்ப்பாள் என்கிறோம். திருக்குறளில் அன்புடைமை அதிகாரத்தின் முதற்குறளில் இச்சொல் வருகிறது. அங்கே கேட்கப்படுவது அன்புக்குத் தாழ்போட முடியுமா என்ற கேள்வி. இப்படத்திலும் ஏறத்தாழ அதே கேள்விதான் உள்ளது. தாழிட்டு வைக்கப்பட்டது அன்பு திரிந்து உருவான வெறி என்பது மட்டுமே வேறுபாடு.

கதை

நகுலன் (சுரேஷ் கோபி), கங்கை (ஷோபனா) தம்பதியர் கல்கத்தாவிலிருந்து நகுலனின் பூர்வீக வீடான மாடம்பள்ளி மாளிகைக்கு வருகிறார்கள். அங்கே தங்க வேண்டாம் என்று குடும்பத்துப் பெரியவர் தடுக்கிறார். மாளிகையின் 'தெக்கினி' எனப்படும் தெற்குப் பகுதி மந்திரத்தால் கட்டிப் பூட்டப்பட்டது. முன்னொரு காலத்தில் சங்கரன் தம்பி என்ற காரணவர் தஞ்சாவூரிலிருந்து நாகவல்லி என்ற நடனப்பெண்ணை அழைத்துவந்து அங்கே வைத்திருந்தார். அவளுடைய காதலன் ராமநாதனும் நடனக்காரன். அவளைத் தொடர்ந்து வந்து எதிர்வீட்டில் தங்கினான். இதையறிந்த தம்பி ஒரு துர்க்காஷ்டமி இரவில் அவளைக் கொன்றார். அவளுடைய ஆவி பழிவாங்கக் காத்திருக்கிறது என்பது வீட்டாரின் நம்பிக்கை.

படித்தவனான நகுலன் இதை நம்புவதில்லை. கங்கைக்கோ கதைகளில் தீராத ஈடுபாடு. அவள் அல்லி என்ற உறவுப்பெண்ணின் துணையோடு சாவி தயாரித்து அறையைத் திறக்கிறாள். உள்ளே நாகவல்லியின் ஆடைகள், நகைகள், ஓவியம் எல்லாம் அப்படியே உள்ளன. அதன்பின் வீட்டில் விபரீதங்கள் தொடங்குகின்றன. சந்தேகம் நகுலனின் முறைப்பெண் ஸ்ரீதேவி (வினயா பிரசாத்) மேல் விழுகிறது. நகுலன் தன் நண்பனும் மனநல மருத்துவனுமான சண்ணியை (மோகன்லால்) வரவழைக்கிறான். நோயாளி ஸ்ரீதேவி அல்ல, கங்கை என்று சண்ணி கண்டறிகிறான். மந்திரவாதி பிரம்மதத்தன் நம்பூதிரியின் (திலகன்) ஒத்துழைப்போடு நாகவல்லியின் பழி தீர்ந்ததாக ஒரு நாடகம் நடத்தி அவளைக் குணப்படுத்துகிறான்.

ஆலப்புழை மாவட்டம் முட்டத்திலுள்ள ஆலும்மூட்டில் குடும்பத்தில் நடந்த ஒரு கொலை இக்கதைக்குத் தூண்டுதல் என்று சொல்லப்படுகிறது. படத்தின் கதைச்சட்டகத்தை மட்டும் எடுத்துக்கொண்டால் அது ஒரு குறும்படத்துக்குப் போதுமானது: ஒரு வீடு, ஒரு பூட்டிய அறை, பகல் முழுவதும் தனியாக இருக்கும் ஒரு பெண். நகைச்சுவைக் காட்சிகளையும் சில பாடல்களையும் நீக்கினாலும் படத்தின் உயிர் குன்றாது. நகைச்சுவைப் பகுதி தேவைக்கு மேல் நீள்கிறது என்றே சொல்ல வேண்டும். ஆனால் அச்சத்துக்கு முன் சிரிக்கவைத்துப் பார்வையாளரை அயரச்செய்யும் வேலையை அது செய்கிறது.

அரண்மனை

பத்மநாபபுரம் அரண்மனை தக்கலைக்கு அருகே, வேளிமலையின் அடிவாரத்தில், கருங்கல் கோட்டைக்குள் உள்ளது. ஊரின் பழைய பெயர் கல்குளம். 1601 வாக்கில் வேணாட்டு அரசர் இரவிவர்ம குலசேகரப் பெருமாள் இதைக் கட்டத் தொடங்கினார் என்பது பொதுவாக ஏற்கப்படும் கருத்து. மார்த்தாண்டவர்மா (ஆட்சி 1729–1758) அரண்மனையை விரிவாக்கினார். 1750-இல் நாட்டைப் பத்மநாபசுவாமிக்கு அடியறை வைத்தபின் ஊர் பத்மநாபபுரம் ஆயிற்று. 18-ஆம் நூற்றாண்டின் இறுதியில் தலைநகர் திருவனந்தபுரத்துக்கு மாறியது. அரசு நீங்கியது, வீடு நின்றது.

1956 நவம்பர் 1 அன்று கல்குளம், விளவங்கோடு, அகஸ்தீஸ்வரம், தோவாளை வட்டங்கள் தமிழ்நாட்டுடன் இணைந்தபோது அரண்மனை இருக்கும் நிலம் தமிழ்நாட்டுக்கு வந்தது. அரண்மனையின் நிர்வாகம் கேரளத் தொல்லியல் துறையிடமே உள்ளது. ஒரு மாநிலத்தின் மண்ணில் இன்னொரு மாநிலத்தின் நினைவு நின்றுகொண்டிருக்கிறது. இச்செய்தி படத்தைப் புரிந்துகொள்ளவும் உதவும்.

இங்கு கல்லைவிட மரமே அதிகம். ஓட்டுக்கூரை தாழ்ந்து இறங்கி வெயிலை முற்றத்தோடு நிறுத்திவிடும். சாய்வாக அடுக்கப்பட்ட மரச்சட்டங்களின் வழியே காற்று தாராளமாக வரும், வெளிச்சம் கீற்றாக மட்டுமே வரும். மந்திரசாலையின் சாளரங்களில் வண்ண அபிரகத் தகடுகள் பதிக்கப்பட்டுள்ளன. அதனால் நண்பகலிலும் உள்ளே அந்திநேரத்து ஒளி இருக்கும். தரை கண்ணாடிபோலக் கறுத்து மின்னும். சுண்ணாம்பு, சிரட்டைக்கரி, முட்டை வெண்கரு, தாவரச்சாறு ஆகியவற்றைச் சேர்த்து இழைத்த தரை அது என்பர். நடப்பவரின் உருவம் காலடியில் மங்கலாகத் தெரியும். ஓர் அறையிலிருந்து அடுத்த அறைக்குச் செல்ல ஒடுங்கிய படிகளும் குனிந்து நுழையவேண்டிய வாசல்களும் உள்ளன. முதல்முறை வருபவருக்குத் தாம் எந்தத் திசையில் நிற்கிறோம் என்பது விரைவிலேயே குழம்பிவிடும்.

வளாகத்தின் மிகப் பழைய பகுதி தாய்க்கொட்டாரம். நடுவில் முற்றம், சுற்றிலும் நான்கு கட்டு என்ற நாலுகெட்டு அமைப்பில் கட்டப்பட்டது. அதன் தென்மேற்கு மூலையிலுள்ள சிறு கூடத்துக்கு 'ஏகாந்த மண்டபம்' என்று பெயர். ஒரே பலாமரத்தில் கடைந்த, பூவேலைப்பாடு நிறைந்த தூண் ஒன்று அங்குள்ளது. ஆயிரம் பேருக்கு ஒரே நேரத்தில் இலைபோடும் ஊட்டுப்புரை கொண்ட மாளிகையில் தனித்திருப்பதற்கென்று ஓர் இடமும் தேவைப்பட்டிருக்கிறது.

ஃபாசிலுக்கு இவ்விடம் புதியதன்று. அவர் தமிழில் இயக்கிய 'வருஷம் 16' (1989) இதே அரண்மனையில் படமாக்கப்பட்டது. கார்த்திக், குஷ்பு நடித்த அப்படத்தில் இது பெரிய கூட்டுக்குடும்பத்தின் வீடு. தாத்தா, பாட்டி, பேரன், பேத்தி, சண்டை, சிரிப்பு என்று நிறைந்திருக்கும். இரண்டு படங்களையும் அடுத்தடுத்துப் பார்க்கும் மாணவருக்கு ஒன்று விளங்கும். அச்சம் கட்டடத்தில் இல்லை. அதே கூரை, அதே தூண், அதே முற்றம். ஆட்களை வெளியே அனுப்பிவிட்டு ஒருத்தியை மட்டும் உள்ளே நிறுத்தினால் வீடு வேறாகிவிடுகிறது.

தெற்கு

நாலுகெட்டு வீட்டின் தெற்குக் கட்டே தெக்கினி. பூட்டிய அறை ஏன் தெற்கே இருக்கவேண்டும் என்பது தமிழ் வாசகருக்கு எளிதில் புரியும். தெற்கு யமனின் திசை. முன்னோரைத் 'தென்புலத்தார்' என்பது பழந்தமிழ் வழக்கு. மறைந்த மூத்தோருக்கு வீட்டின் தென்பகுதியில் இடம் ஒதுக்கி விளக்கேற்றும் வழக்கம் நாஞ்சில் நாட்டிலும் அதைச் சுற்றியுள்ள பகுதிகளிலும் உண்டு. படத்தில் அந்த இடம் தலைகீழாகிறது. வழிபடப்பட வேண்டிய மூத்தோர் இருக்கும் திசையில், அந்த மூத்தோர் ஒருவரால் கொல்லப்பட்ட வெளியூர்ப் பெண் அடைக்கப்பட்டிருக்கிறாள்.

கொலையுண்ட பெண் தெய்வமாவதும் பழிவாங்குவதும் இப்பகுதிக்குப் பழகிய கதைகள். நாகர்கோவிலை ஒட்டிய கள்ளியங்காட்டு நீலியின் கதை வில்லுப்பாட்டாகப் பாடப்படுகிறது. சி.வி. ராமன்பிள்ளையின் 'மார்த்தாண்டவர்மா' (1891) நாவலிலும் இந்த யட்சிக்கதை இடம்பெறுகிறது. முப்பந்தல் இசக்கியம்மன் கோவில் முன்பு வண்டியை நிறுத்தி வணங்கிச் செல்லும் ஓட்டுநர்களை இன்றும் காணலாம். ஆனால் நீலி வெட்டவெளியில், ஆளில்லா வழியில் நிற்பவள். வழிப்போக்கன் ஊருக்குள் ஓடி வந்துவிட்டால் தப்பிவிடலாம் என்ற நம்பிக்கையாவது உண்டு. நாகவல்லி வீட்டுக்குள் இருக்கிறாள். அவளிடமிருந்து ஓடி எந்த வீட்டுக்குப் போவது?

1919-இல் சிக்மண்ட் ஃபிராய்ட் இவ்வகை அச்சத்தைப் பற்றி ஒரு கட்டுரை எழுதினார். அதற்கு அவர் பயன்படுத்திய ஜெர்மன் சொல் 'வீட்டுத்தன்மை இல்லாதது' என்ற பொருள் தரும் வேரிலிருந்து வந்தது. முற்றிலும் புதிய ஒன்றைக் கண்டு ஏற்படுவது வெறும் பயம். நன்கு பழகிய ஒன்று, மறைத்து வைத்திருந்த முகத்தோடு திரும்பி வரும்போது ஏற்படுவது வேறுவகை நடுக்கம் என்பது அவர் கருத்து. தமிழில் 'அமானுஷ்யம்' என்று சொல்லிவிடுகிறோம். அச்சொல் மனிதருக்கு அப்பாற்பட்டது என்று பொருள் தருவதால் இங்கு முழுமையாகப் பொருந்தாது. கங்கையிடம் மனிதருக்கு அப்பாற்பட்டது எதுவும் இல்லை.

கங்கையின் தனிமை

இறுதிப்பகுதியில் சண்ணி, கங்கையின் ஊருக்குச் சென்று அவளுடைய இளமையைப் பற்றித் தெரிந்துகொண்டு வருகிறான். பெற்றோர் கல்கத்தாவில் வாழ, கங்கை கிராமத்தில் பாட்டியிடம் வளர்ந்தவள். பாட்டி சொன்ன கதைகளே அவளுடைய உலகம். தேர்வு நேரத்தில் பெற்றோர் திடீரென்று வந்து அவளை நகரத்துக்கு அழைத்துச் செல்லப்போவதாகச் சொல்கிறார்கள். அந்தச் சிறுமியால் அதைத் தாங்க முடியவில்லை. நோயின் விதை அங்கே விழுந்தது என்று படம் சொல்கிறது. பிறகு திருமணம். அன்பான கணவன்தான், ஆனால் எப்போதும் வேலையிலேயே மூழ்கியிருப்பவன். வரலாறும் கதையும் நிறைந்த ஒரு பெரிய வீட்டுக்கு வந்தவுடன், தன்னைப் போலவே ஊரிலிருந்து பிடுங்கிக் கொண்டுவந்து அறைக்குள் வைக்கப்பட்ட இன்னொரு பெண்ணை அவள் அங்கே கண்டுகொள்கிறாள்.

படத்தின் புகழ்பெற்ற காட்சி இதனால்தான் அவ்வளவு வலுவாக இருக்கிறது. அல்லிக்கு நகை வாங்கக் கடைக்குப் போக கங்கை ஆயத்தமாகிறாள். சண்ணி சொன்னபடி நகுலன் போகவேண்டாம் என்கிறான். அவ்வளவுதான் நடப்பது. கெஞ்சலில் தொடங்கும் அவளுடைய முகம் சில நொடிகளில் மாறுகிறது. குரல் மாறுகிறது, மொழி மாறுகிறது, கனமான கட்டிலை ஒரு கையால் தூக்குகிறாள். நகுலன் அவள் பெயரைச் சொல்லி உரக்கக் கூப்பிட்டதும் எதுவும் நினைவில்லாமல் விழித்து நிற்கிறாள். ஷோபனா இக்காட்சியை ஒப்பனையோ ஒளித்தந்திரமோ இல்லாமல் கண்களால் மட்டுமே செய்கிறார். அவருக்கு அவ்வாண்டின் சிறந்த நடிகைக்கான தேசிய விருது கிடைத்தது. படம் சிறந்த வெகுஜனத் திரைப்படத்துக்கான தேசிய விருதைப் பெற்றது.

கங்கையைப் பற்றிப் பேசுபவர்கள் ஸ்ரீதேவியை மறந்துவிடுவதுண்டு. நகுலனுக்கு நிச்சயிக்கப்பட வேண்டியவள், ஜாதகத்தில் செவ்வாய் தோஷம் என்று தட்டிப்போனது. வேறொருவரை மணந்து அதுவும் முறிந்து வீட்டுக்குத் திரும்பியவள். எது நடந்தாலும் பழி அவள்மேல் விழுகிறது. உண்மையான நோயாளி தெரியவேண்டும் என்பதற்காகச் சண்ணியும் அதை உடனே மறுப்பதில்லை. அவளை ஓர் அறையில் அடைத்துவைப்பதுவரை நிகழ்கிறது. நோயே இல்லாத ஒருத்தி நோயாளியாக நடத்தப்படும் இப்பகுதி, பேய் தொடர்பான எந்தக் காட்சியையும்விடக் கொடியது. படம் இறுதியில் அவளுக்கு ஒரு நல்வாழ்வைக் கோடிகாட்டி ஈடுகட்ட முயல்கிறது.

மருத்துவம்

கங்கையின் நிலையைப் படம் 'இரட்டை ஆளுமை' என்று விளக்குகிறது. படம் வெளிவந்த மறு ஆண்டு, 1994-இல், அமெரிக்க மனநல மருத்துவச் சங்கம் இந்நோய்க்கு இருந்த 'பல்லாளுமை' என்ற பெயரை நீக்கிப் 'பிளவுற்ற அடையாளக் கோளாறு' என்று பொருள்படும் பெயரைச் சூட்டியது. ஒருவருக்குள் பல ஆட்கள் குடியிருக்கவில்லை, ஒரே ஆளின் நினைவும் அடையாளமும் துண்டுபட்டுள்ளன என்பதே அம்மாற்றத்தின் உட்பொருள். பலர் இதையும் மனச்சிதைவு நோயையும் ஒன்றாக நினைக்கிறார்கள். இரண்டும் வேறு வேறு.

படத்தில் வருவதுபோல் ஒரே இரவில், நாடகம் நடத்தி, பொம்மையை வெட்டவைத்து இந்நோயைக் குணப்படுத்த முடியாது. நடைமுறைச் சிகிச்சை நீண்டது, பெரும்பாலும் பேச்சு வழியே நடப்பது. ஆனால் மந்திரவாதியை மூடனாகக் காட்டாமல் மருத்துவனோடு சேர்ந்து பணியாற்றுபவராகக் காட்டியதில் ஒரு நுட்பம் உள்ளது. சண்ணியின் தர்க்கம் எளியது: நோயாளி எதை நம்புகிறாளோ அதன் மொழியில்தான் அவளோடு பேசமுடியும்.

மொழி

நாகவல்லி தமிழ் பேசுகிறாள். மாடம்பள்ளியில் மற்ற அனைவரும் மலையாளம் பேச, கங்கை திடீரென்று தமிழில் பேசுவதே அவள் 'மாறிவிட்டாள்' என்பதற்கான அடையாளம். அவள் ஆடும் பாடலின் தமிழ்வரிகளை எழுதியவர் கவிஞர் வாலி. இசை எம்.ஜி. ராதாகிருஷ்ணன். தஞ்சாவூர் நடனக்காரி திருவிதாங்கூர் வீட்டுக்கு வருவது வரலாற்றுக்குப் புறம்பானதன்று. சுவாதித் திருநாளின் (1813–1846) அவையில் தஞ்சை நால்வரில் ஒருவரான வடிவேலு இருந்தார். பத்மநாபபுரம் அரண்மனையிலேயே கல்தூண்களோடு கூடிய நவராத்திரி மண்டபம் உள்ளது. அரசகுலப் பெண்கள் மரத்தட்டிகளின் பின்னிருந்து ஆடல்பாடலைப் பார்த்த இடம் அது. அரண்மனை வளாகத்துச் சரஸ்வதி சிலை ஆண்டுதோறும் நவராத்திரிக்கு முன்பாக வேளிமலை முருகனோடும் சுசீந்திரம் முன்னுதித்த நங்கையோடும் ஊர்வலமாகத் திருவனந்தபுரம் செல்கிறது. கதையில் நாகவல்லி இறந்த துர்க்காஷ்டமி இந்நவராத்திரி நாட்களில் ஒன்று.

மலையாளப் பார்வையாளருக்குத் தமிழ் பாதி புரியும், பாதி புரியாது. அந்தப் பாதித் தொலைவில்தான் அச்சம் நிற்கிறது. அறவே தெரியாத மொழியாக இருந்தால் அது வெறும் ஓசையாகிவிடும். இப்படத்தின் மறுஆக்கங்கள் இதைச் சரியாகப் புரிந்துகொண்டன. பி. வாசு இயக்கிய கன்னட 'ஆப்தமித்ரா' (2004), தமிழ் 'சந்திரமுகி' (2005) இரண்டிலும் நடனப்பெண் தெலுங்கு பேசுகிறாள். பிரியதர்ஷன் இந்தியில் எடுத்த 'பூல் புலையா' (2007) படத்தில் அவள் வங்காளி. எந்த மொழியில் எடுத்தாலும் ஆவி அடுத்த வீட்டு மொழியையே பேசுகிறது. (பிரியதர்ஷன், மூலப்படத்தின் இரண்டாம் படப்பிடிப்புக் குழுவை நடத்திய இயக்குநர்களில் ஒருவர். சித்திக், லால், சிபி மலையில் ஆகியோரும் அப்பணியைச் செய்தனர்.) 'சந்திரமுகி' பெரும் வெற்றி பெற்றது, ஆனால் நாயகனின் படமாக மாறிவிட்டது. மூலத்தில் மையம் கங்கைதான்.

இரு மொழியும் புழங்கும் நாஞ்சில் நாட்டுப் பார்வையாளரின் நிலை சற்று வேறானது. அவருக்கு நாகவல்லியின் பேச்சு தாய்மொழி, கங்கையின் பேச்சு பக்கத்துமொழி. மாடம்பள்ளியார் அந்நியமாகக் கேட்பதை அவர் உறவாகக் கேட்கிறார். ஊரை விட்டுக் கொண்டுவரப்பட்டு, பூட்டிய அறையில் கொல்லப்பட்ட பெண்ணின் முறையீடு என்ற அளவில் அப்பேச்சு அவருக்கு நேராக விளங்கும்.

ஷோபனாவுக்கு மலையாளத்தில் குரல் கொடுத்தவர் பாக்கியலட்சுமி. நாகவல்லியின் தமிழ்ப் பேச்சையும் முதலில் அவரே பேசினார். இரு குரல்களும் ஒன்றுபோல் ஒலிப்பதாகப் படக்குழுவினர் கருதியதால், துர்கா என்ற தமிழ்ப் பின்னணிக் குரல் கலைஞரைக் கொண்டு நாகவல்லியின் பகுதி மீண்டும் பதிவுசெய்யப்பட்டது. இது வெளியே தெரியவில்லை. நாகவல்லியின் குரல் பாக்கியலட்சுமியுடையது என்றே பல ஆண்டுகள் நம்பப்பட்டது. 2016-இல் ஃபாசில் எழுதிய பின்னரே துர்காவின் பெயர் பரவலாக அறியப்பட்டது. 2024 ஆகஸ்ட் மாதம் படம் புதுப்பிக்கப்பட்ட வடிவில் மீண்டும் திரையரங்குகளுக்கு வந்தபோது, அந்தக் குரல் யாருடையது என்று தெரிந்து கேட்ட பார்வையாளர்கள் அரங்கில் இருந்தார்கள்.